உங்களுக்குத் தெரியுமா? – நாவலில் புலி, படத்தில் லாரி

கே. சுப்ரமணியம் 1939இல் ‘தியாகபூமி’யைப் படமாக்கியபோது, கல்கி அதே கதையை ஆனந்த விகடனில் தொடராக எழுதிக்கொண்டிருந்தார். ஓவியர் வரைந்த படங்களுக்குப் பதில் அத்தியாயங்களோடு வந்தவை சினிமா ஸ்டில்கள்! கதையைப் படிக்கும்போதே வாசகர்களுக்கு நாயகி சாவித்திரியின் முகம் எஸ்.டி. சுப்புலட்சுமியின் முகமாகிவிட்டது.

உமாசந்திரனின் ‘முள்ளும் மலரும்’ நாவலில், விஞ்ச் ஆபரேட்டர் காளியின் கையைப் பறிப்பது ஒரு புலி. மகேந்திரனின் 1978 படத்திலோ லாரி. எஞ்சினியர் சஸ்பெண்ட் செய்த ஆத்திரத்தில் காளி குடிக்கிறான். போதையில் சாலையில் விழுந்து கிடப்பவனின் கைமீது வண்டி ஏறிவிடுகிறது. புலி தாக்கினால் அது தலைவிதி. இங்கே காளியின் வீம்பே அவன் கையைத் தின்கிறது. தன் இழப்புக்கு எஞ்சினியர்தான் காரணம் என்று அவன் கறுவுவதற்கும், தங்கை வள்ளியை அவருக்குக் கட்டிக்கொடுக்க மறுப்பதற்கும் இதனால்தான் அவ்வளவு வலு. கடைசியில் ஊரே அவளைக் கல்யாணத்துக்கு அழைத்துப்போக, அவள் பாதி வழியில் அண்ணனிடம் ஓடிவந்துவிடுகிறாள். அந்த ஒன்று போதும் காளிக்கு. அவனே அவளைக் கூட்டிப்போய் ஒப்படைக்கிறான். எஞ்சினியரை அப்போதும் அவனுக்குப் பிடிக்கவில்லை! பக்கம் பக்கமாக எழுத வேண்டிய மனமாற்றத்தை, காளியாக நடித்த ரஜினியின் முகமே சொல்லிவிடுகிறது.

அடுத்த ஆண்டே வந்த ‘உதிரிப்பூக்கள்’ படத்துக்கு வித்து, புதுமைப்பித்தனின் ‘சிற்றன்னை’. கதையின் மையப் பாத்திரமான சுந்தரவடிவேலுவை ஊரே ஆற்றங்கரைக்குக் கொண்டுபோகும் முடிவு மகேந்திரனுடையது. மூலத்தை விட்டு அவ்வளவு தூரம் விலகியும் டைட்டிலில் புதுமைப்பித்தனின் பெயரைப் போட்டாரே, அது பெரிய மனசு.

கல்கியின் ‘பொன்னியின் செல்வ’னைப் படமாக்க எம்.ஜி.ஆர். 1958இலேயே முயன்றார். அது திரைக்கு வந்தது 2022இலும் 2023இலும், மணிரத்னம் கையால். ஐந்து பாகங்களை இரண்டு படங்களில் அடக்கும்போது யாரையாவது விட்டுத்தான் ஆக வேண்டும். ஆனால் விடுபட்டவர்களில் மணிமேகலையும் ஒருத்தி. நாயகன் வந்தியத்தேவன் மடியில் அவள் உயிர்விடுவதோடுதான் கல்கி நாவலையே முடிக்கிறார். எனக்கு அந்த வருத்தம் இன்னும் தீரவில்லை.

பூமணியின் ‘வெக்கை’ (1982), கொலை செய்துவிட்டு அப்பாவோடு காட்டில் ஒளிந்து திரியும் சிறுவன் சிதம்பரத்தின் கதை. வெற்றிமாறனின் ‘அசுர’னில் (2019) நாயகன் அப்பாதான். அப்பாவாக நடித்த தனுஷுக்காக ஒரு முழு இளமைக்காலமே பிளாஷ்பேக்காகச் சேர்ந்தது. படத்தை ரசித்தவர்கள் நாவலைத் தேடிப் படியுங்கள். அதில் அந்தப் பையன் கண் வழியே விரியும் கரிசல்காடு உங்களுக்குப் புதிதாக இருக்கும்.