சரக்கு லாரியில் ஆள் ஏற்றுதலும் இன்ஷூரன்ஸ் பொறுப்பும்

சென்னைத் துறைமுகத்துக்கு வடக்கே இராயபுரம், காசிமேடு, திருவொற்றியூர், எண்ணூர் என்று கடலோரமாக நீண்டு செல்லும் பிரதேசத்தில் சரக்கு வண்டிகளின் ஓட்டம் இரவும் பகலும் ஓய்வதில்லை. எண்ணூரில் 2001-ஆம் வருஷம் முதல் மற்றொரு துறைமுகமும் நடைபெற்று வருகிறது. பொன்னேரி, மீஞ்சூர்ப் பக்கத்து விவசாயிகள் தங்கள் விளைபொருள்களை இவ்வழியே பட்டணத்துக்கு அனுப்பும்போது, அவர்களுடைய வண்டிகள் பெரிய கன்டெய்னர் லாரிகளுக்கு இடையே செல்ல வேண்டியிருக்கிறது. அவ்வண்டிகளில் மூட்டைகளின் மேல் கூலியாட்கள் உட்கார்ந்து போவதும் உண்டு. விபத்தில் அவர்களுக்கு உயிர்ச்சேதம் நேரிட்டால் இன்ஷூரன்ஸ் கம்பெனி பணம் கொடுத்துவிடும் என்று பலர் நம்பியிருக்கிறார்கள். அந்த நம்பிக்கை பெரும்பாலும் ஆதாரமற்றது.

சட்டம் வந்த வழி

1939-ஆம் வருஷத்து மோட்டார் வண்டிச் சட்டத்தின்படி, சரக்கு வண்டியில் பிரயாணம் செய்தவர்களுக்காகக் கம்பெனி பொதுவாகப் பொறுப்பாளி ஆகவில்லை. அதற்குப் பதிலாக 1988-ஆம் வருஷத்துச் சட்டம் 1989 ஜூலை 1-ந் தேதி அமலுக்கு வந்தது. 1994 நவம்பர் 14-ந் தேதி அமலான திருத்தத்தால், சரக்கின் சொந்தக்காரரும் அவரால் அதிகாரம் பெற்ற பிரதிநிதியும் கட்டாய இன்ஷூரன்ஸின் பாதுகாப்புக்குள் சேர்க்கப்பட்டனர். இத்திருத்தம் விவசாயிகளுக்குப் பெரிதும் உபகாரமானது.

1999-ஆம் வருஷத்தில் சத்பால் சிங் வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு, இலவசமாக ஏறியவருக்கும் கம்பெனி பொறுப்பு என்று கூறிற்று. ஆனால் 2002 டிசம்பரில் ஆஷா ராணி வழக்கில் மூன்று நீதிபதிகள் அதை மாற்றினர். 2004 ஜனவரி 6-ந் தேதி பல்ஜித் கௌர் வழக்கிலும் அக்கொள்கை உறுதிப்பட்டது. 1994-ஆம் வருஷத்துத் திருத்தம் சரக்கின் சொந்தக்காரரையும் அவருடைய பிரதிநிதியையும் மட்டுமே சேர்த்ததேயன்றி, வழியில் ஏறிக்கொண்டவர்களைச் சேர்க்கவில்லை என்பது அதன் முடிவு.

ஓர் உதாரணம்

காய்கறி மூட்டைகளுடன் மீஞ்சூரிலிருந்து இராயபுரம் செல்லும் வாடகை லாரி ஒன்று விபத்துக்குள்ளாகி, அதிலிருந்தோர் யாவரும் மாண்டதாக வைத்துக்கொள்வோம். பிழை அந்த லாரி டிரைவர்மீது என்றும் கொள்வோம். மாண்ட ஒவ்வொருவர் விஷயத்திலும் கம்பெனியின் பொறுப்பு வெவ்வேறாகும்.

டிரைவரும் கிளீனரும் லாரிச் சொந்தக்காரரின் வேலையாட்கள். வேலையாட்களின் நஷ்டஈடு குறித்த சட்டம் விதிக்கும் அளவுக்குக் கம்பெனி பொறுப்பாகும்.

டிரைவர் பக்கத்தில் உட்கார்ந்திருந்த விவசாயி சரக்கின் சொந்தக்காரர். அவர் வாரிசுகளுக்குக் கம்பெனி நஷ்டஈடு கொடுக்க வேண்டும். ஆனால் இப்பாதுகாப்பு டிரைவரின் அறையில் பிரயாணம் செய்பவருக்கே உரியது என்று 2007-ஆம் வருஷத்தில் சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்பளித்திருக்கிறது. மூட்டைமேல் ஏறியிருந்தால் சொந்தக்காரரும் அதை இழக்க நேரிடும்.

மூட்டைமேல் இருந்த இரு கூலியாட்கள் விவசாயி அமர்த்தியவர்கள். லாரிக்காரரின் ஆட்கள் அல்லர். சரக்குக்காரரின் வேலையாட்கள் லாரியின் கட்டாய இன்ஷூரன்ஸில் அடங்க மாட்டார்கள் என்பது 2012 டிசம்பரில் சுப்ரீம் கோர்ட்டு செய்த முடிவு. வழியில் ஏறிக்கொண்ட உறவினருக்கும் அதே கதிதான். இம்மூவரின் குடும்பங்களும் லாரிச் சொந்தக்காரரையே நாட வேண்டும். கூலியாட்களை வேலைக்கு அமர்த்திய விவசாயிமீதும் நஷ்டஈட்டுக் கோரிக்கை வரக்கூடும்.

எதிரே வந்த கன்டெய்னர் லாரியின் பிழையால் விபத்து நேர்ந்திருந்தால் நிலைமை வேறு. அந்த லாரியைப் பொறுத்தவரை, மாண்ட யாவரும் மூன்றாம் தரப்பினரே. அதன் கம்பெனியிடம் அனைவருடைய வாரிசுகளும் கோரலாம். இரு வண்டிகளின் பிழையும் சேர்ந்திருந்தால், எந்தத் தரப்பிடமிருந்தும் முழுத்தொகையைக் கோரலாம் என்று 2015-ஆம் வருஷத்தில் சுப்ரீம் கோர்ட்டு கூறியுள்ளது. ஆகையால் போலீஸ் முதல் அறிக்கையில் இரு வண்டிகளின் நம்பர்களும் விபத்து நடந்த விதமும் சரியாகப் பதிவாதல் மிகவும் அவசியம்.

டிராக்டர் வைத்திருப்போர்

விவசாய உபயோகத்துக்கென இன்ஷூர் செய்த டிராக்டரைப் பிற வேலைகளுக்கு ஓட்டுவதும் ஆபத்தானது. டிராக்டர் டிரெய்லரில் தம் வியாபாரக் காய்கறியுடன் சென்று இறந்த ஒருவர் விஷயத்தில், அது விவசாய உபயோகம் ஆகாதென்று 2004-ஆம் வருஷத்தில் தீர்ப்பாயிற்று. மண் ஏற்றுதல், கல்யாணத்துக்கு ஜனங்களை ஏற்றிச் செல்லுதல் ஆகியவற்றிலும் இதே அபாயம் இருக்கிறது.

முதலில் கொடுத்துப் பின் வசூலித்தல்

பல்ஜித் கௌர் வழக்கில் கம்பெனி பொறுப்பாளி அல்ல என்று தீர்த்தபோதிலும், அதுவரை சட்டம் தெளிவின்றி இருந்ததால், முதலில் கம்பெனி கொடுத்துவிட்டுப் பின்னர் வண்டிச் சொந்தக்காரரிடம் வசூலித்துக்கொள்ளுமாறு கோர்ட்டு உத்தரவிட்டது. இதற்குத் தனி வழக்கும் தேவையில்லை. இத்தகைய உத்தரவு ஆகும்போது சொந்தக்காரர் ஜாமீன் கொடுக்க வேண்டியும் வரலாம், வண்டியும் ஜப்தியாகலாம். எனினும் இதை எல்லா வழக்குகளிலும் எதிர்பார்க்கலாகாது. சரக்கு வண்டியில் இலவசமாக ஏறியவர்கள் விஷயத்தில் வழக்கமாக அவ்வாறு உத்தரவிடுதல் கூடாதென்று சென்னை ஹைகோர்ட்டின் முழு பெஞ்சு கூறியிருக்கிறது. சொந்தக்காரர் வசதியற்றவரானால், விதவையின் கையில் தீர்ப்பு நகல் மட்டுமே மிஞ்சும்.

செய்ய வேண்டியவை

சரக்குடன் ஒருவர் போவது அவசியமானால் அவர் டிரைவரின் அறையில் உட்கார வேண்டும். பதிவுப் புத்தகத்தில் கண்ட இடங்களுக்கு மேல் அங்கே ஆள் ஏற்றலாகாது. சரக்கின் விவரம், சொந்தக்காரர் பெயர், பிரதிநிதி பெயர், தேதி ஆகியவை கண்ட சீட்டு ஒன்றை அவர் கையில் கொடுத்து, நகலை வீட்டில் வைத்துக்கொள்ளுதல் நலம். ஏற்றி இறக்கும் ஆட்களைப் பஸ்ஸில் அனுப்புவதே உத்தமம். அந்தச் செலவு ஓர் உயிரின் முன்னே அற்பமானது. வண்டி வைத்திருப்போர் தங்கள் பாலிசியில் எத்தனை வேலையாட்களுக்குப் பிரீமியம் கட்டப்பட்டிருக்கிறதென்று பார்த்து, குறைந்திருந்தால் சேர்த்துக்கொள்ள வேண்டும்.

நஷ்டஈட்டு மனுவை விபத்து நடந்த 6 மாதத்துக்குள் கொடுக்க வேண்டுமென்ற விதி 2022 ஏப்ரல் 1-ந் தேதி முதல் சட்டத்தில் இடம்பெற்றிருக்கிறது. விபத்து திருவொற்றியூரில் நேர்ந்தாலும், வாரிசுகள் தாங்கள் வசிக்கும் இடத்து டிரிபியூனலிலேயே மனுச் செய்துகொள்ளலாம். கிராம நிர்வாக அலுவலர்கள் இவ்விரண்டையும் துக்கமடைந்த குடும்பத்தாருக்குத் தாமதமின்றி எடுத்துச் சொல்லுவதோடு, வாரிசுச் சான்றிதழுக்கான தங்கள் விசாரணையையும் விரைவில் முடித்துத் தாசில்தாருக்கு அனுப்புவார்களாயின், அது அக்குடும்பங்களுக்குப் பேருதவியாகும்.