யோபு பொறுமைசாலியா?

(பத்தாம் வகுப்பு மாணவி)

"யோபுவைப் போலப் பொறுமை வேண்டும்" என்று பெரியவர்கள் சொல்லக் கேட்டு வளர்ந்தவர்கள் நாம். தையல் வகுப்பில் நூல் சிக்கிக்கொண்டாலும் யோபு. தேர்வு முடிவு வரத் தாமதமானாலும் யோபு. அடிமேல் அடி விழுந்தும் வாய் திறவாதிருந்த நல்ல மனிதர் அவர் என்றே ஒன்பதாம் வகுப்பு வரை நானும் எண்ணியிருந்தேன். இவ்வாண்டு மறைக்கல்வி வகுப்பில் யோபு நூலின் 42 அதிகாரங்களையும் முதலிலிருந்து முடிவு வரை படித்தோம். படித்த பின் அந்த எண்ணம் நிலைக்கவில்லை. அறிந்துகொண்டதை, அந்த நேரத்தில் நன்னெறி வகுப்புக்குச் செல்லும் தோழிகளுக்கும் விளங்கும்படி எழுத முயல்கிறேன்.

எழுதுவதற்கு மற்றொரு காரணமும் உண்டு. சென்ற ஆண்டு எங்கள் வகுப்புத் தோழி ஒருத்தியின் தம்பி காய்ச்சலில் இறந்துபோனான். ஐந்து வயதுதான். நாங்கள் ஆறு பேர் அவள் வீட்டுக்குச் சென்றோம். என்ன பேசுவது என்று தெரியாமல் நின்றபோது, நான் பெரிய மனுஷியைப் போல, "ஆண்டவர் தமக்குப் பிடித்த பூவைப் பறித்துக்கொண்டார். அழாதே" என்றேன். எங்கோ கேட்ட சொல்தான். அவள் நிமிர்ந்து என்னைப் பார்த்து, "அப்படியானால் உங்கள் வீட்டில் பூவே இல்லையா?" என்று கேட்டாள். எனக்கும் ஒரு தம்பி இருக்கிறான். என்னால் பதில் சொல்ல முடியவில்லை. அதே வேளையில் திண்ணையில் இருந்த யாரோ ஒரு பாட்டி, "யார் செய்த பாவமோ, பிள்ளை தலையில் விடிந்தது" என்று பெருமூச்சு விட்டார். அதைக் கேட்டதும் அவளுடைய அம்மா எழுந்து உள்ளே போய்விட்டார். மீண்டும் பள்ளிக்கு வந்தபோது தோழி என் பெஞ்சில் உட்காரவில்லை.

இனி யோபுவின் கதைக்கு வருவோம். ஊசு என்னும் நாட்டில் வாழ்ந்தவர் யோபு. அவர் குற்றமற்றவர், கடவுளுக்கு அஞ்சித் தீமையை விலக்கியவர் என்று நூலின் முதல் வசனமே கூறிவிடுகிறது. ஆகவே பின்னால் யார் என்ன குற்றம் சாட்டினாலும் நாம் ஏமாற வேண்டியதில்லை. அவருக்கு 7 ஆண்மக்கள், 3 பெண்மக்கள். ஆடுகள் 7,000, ஒட்டகங்கள் 3,000, ஏர்மாடுகள் 500 இணை, பெண் கழுதைகள் 500. விண்ணக அவையில் சாத்தான் ஒரு கேள்வி எழுப்புகிறான். (எபிரேய மொழியில் அச்சொல்லுக்குக் குற்றம் சாட்டுபவன் என்று பொருள்.) ஆதாயம் இல்லாமலா யோபு கடவுளுக்கு அஞ்சுகிறார் என்பதே அவனுடைய கேள்வி. கொடுப்பதை நிறுத்தினால் பக்தியும் நின்றுவிடும் என்பது அவன் கணக்கு. தேர்வுக்கு முதல் நாள் மட்டும் கெபியில் மெழுகுவர்த்தி ஏற்றும் நம்மைப் பார்த்துக் கேட்டிருந்தால் அவன் வென்றிருப்பானோ என்னவோ!

ஒரே நாளில் நான்கு தூதர்கள் ஒருவர் பின் ஒருவராக ஓடி வருகிறார்கள். முதலாமவன் பேசி முடிக்குமுன் இரண்டாமவன். கொள்ளையரும் நெருப்பும் செல்வத்தை அழித்த செய்திகளுக்குப் பின், பெருங்காற்று வீட்டைச் சாய்த்துப் பிள்ளைகள் அனைவரும் மடிந்த செய்தி கடைசியாக வருகிறது. யோபு ஆடையைக் கிழித்துக்கொண்டு தரையில் விழுந்து கடவுளை வணங்குகிறார். பின்னர் உள்ளங்கால் முதல் உச்சந்தலை வரை புண்கள். சாம்பலில் உட்கார்ந்து ஓட்டுத் துண்டால் சுரண்டிக்கொள்கிறார். அப்போதும் கடவுளைப் பழிக்கவில்லை. நாம் கேள்விப்பட்ட பொறுமைசாலியான யோபு இந்த முதல் இரண்டு அதிகாரங்களில் இருக்கிறார். மூன்றாம் அதிகாரத்திலோ அவர் வாய் திறந்து தாம் பிறந்த நாளையே சபிக்கிறார். அதன் பிறகு அவரை அடக்க யாராலும் முடியவில்லை.

அவருடைய நண்பர்கள் எலிப்பாசு, பில்தாது, சோப்பார் மூவரும் செய்தி கேட்டுத் தத்தம் ஊரிலிருந்து ஆறுதல் சொல்ல வருகிறார்கள். தொலைவில் கண்டபோது அவரை அடையாளமே தெரியவில்லை. ஓவென்று அழுது, தலையில் புழுதியை வாரிப் போட்டுக்கொண்டு, ஏழு பகலும் ஏழு இரவும் ஒரு வார்த்தை கூடப் பேசாமல் அவரோடு தரையில் அமர்ந்திருக்கிறார்கள். "அவர்கள் செய்தவற்றுள் இதுவே மிக நல்ல காரியம். எட்டாம் நாளும் அப்படியே இருந்திருந்தால் நமக்கு இந்த நூல் இவ்வளவு நீளமாக இருந்திராது" என்றார் எங்கள் சிஸ்டர். வகுப்பே சிரித்தது. நான் சிரிக்கவில்லை. ஏழு நாள் அல்ல, ஏழு நிமிடம்கூட என்னால் பேசாமல் இருக்க முடியவில்லையே!

பிறகு அவர்கள் பேசத் தொடங்குகிறார்கள். எலிப்பாசு முதலில் மென்மையாகத்தான் ஆரம்பிக்கிறார். குற்றமற்றவர் யாரேனும் அழிந்ததுண்டா, நினைத்துப் பாரும் என்கிறார். பில்தாது அவ்வளவு மென்மை இல்லாதவர். யோபுவின் பிள்ளைகள் பாவம் செய்திருப்பார்கள், அதற்கேற்ற தண்டனை கிடைத்திருக்கும் என்று எட்டாம் அதிகாரத்தில் சொல்கிறார். பத்துப் பிள்ளைகளையும் ஒரே நாளில் பறிகொடுத்த தகப்பனிடம்! அந்த வரியைப் படித்தபோது திண்ணைப் பாட்டியின் குரல் எனக்கு மறுபடியும் கேட்டது. சோப்பாரோ, யோபுவின் குற்றத்துக்குக் கடவுள் குறைவாகவே தண்டித்திருக்கிறார் என்று கூறிவிடுகிறார். கடைசியில் 22ஆம் அதிகாரத்தில் எலிப்பாசு குற்றங்களைத் தாமே கற்பனை செய்து அடுக்குகிறார்: தாகத்தால் வாடியவனுக்குத் தண்ணீர் கொடுக்கவில்லையாம், கைம்பெண்ணை வெறுங்கையாய் அனுப்பினாராம். இவற்றுள் எதையும் அவர் கண்ணால் கண்டதில்லை. துன்பம் இருக்கிறது, ஆகவே பாவமும் இருந்தே தீர வேண்டும். அவருடைய கணக்கு சரியாக வர யோபு கெட்டவராக வேண்டியிருக்கிறது!

இவர்களைக் கெட்டவர்கள் என்று தள்ளிவிடவும் முடியாது. நீதிமானுக்கு நன்மையும் தீயவனுக்குத் தீமையும் வரும் என்னும் கருத்து விவிலியத்தின் வேறு பல பகுதிகளிலும் உள்ளதுதான். நன்றாகப் படித்தால் நல்ல மதிப்பெண் என்று ஆசிரியர்கள் கூறுவது போல அது பொதுவாக உண்மை. ஆனால் மதிப்பெண் குறைந்த ஒவ்வொருத்தியும் படிக்காதவள் என்று அதைத் திருப்பிப் போட்டால் அநியாயம் ஆகிவிடும் அல்லவா? நண்பர்கள் செய்தது அந்தத் திருப்பிப் போடும் வேலைதான்.

யோபுவின் பதில்களைப் படிக்கும்போது முதலில் எனக்கு அச்சமாகவே இருந்தது. கோவிலில் இப்படிப் பேசலாமா என்று தோன்றியது. கடவுள் தம்மை அம்புக்கு இலக்காக வைத்திருக்கிறார் என்கிறார். தம் இருவருக்கும் நடுவே நின்று தீர்ப்புக் கூற ஒரு நடுவர் இல்லையே என்கிறார். கிழக்கே போனாலும் மேற்கே போனாலும் அவரைக் காணவில்லை என்று ஏங்குகிறார். 31ஆம் அதிகாரத்தில், தாம் செய்யாத குற்றங்களை ஒவ்வொன்றாகக் கூறி, இதோ என் கையொப்பம், எல்லாம் வல்லவர் எனக்குப் பதில் தரட்டும் என்று, நீதிமன்றத்தில் மனுக் கொடுப்பவரைப் போலச் சவால் விடுகிறார். அதே மனிதர் 19ஆம் அதிகாரத்தில், தம்மை மீட்பவர் உயிரோடிருக்கிறார் என்று உறுதியாகக் கூறுவதும் வியப்பே.

இங்கேதான் சிஸ்டர் எங்களுக்கு ஒரு வேலை கொடுத்தார். மூன்று நண்பர்களும் பேசிய பகுதிகளில் அவர்கள் கடவுளை நோக்கிப் பேசிய இடம் ஒன்றையாவது கண்டுபிடித்து வாருங்கள் என்றார். இரண்டு நாள் தேடினோம். ஒன்றும் அகப்படவில்லை. மூவரும் கடவுளைப் பற்றி அழகழகாகப் பேசுகிறார்கள், வேண்டிக்கொள் என்று யோபுவுக்குப் புத்தி சொல்கிறார்கள், தாங்கள் வேண்டவில்லை. யோபுவோ பேச்சின் நடுவே நண்பர்களை விட்டுவிட்டு, "நீர், நீர்" என்று கடவுளிடமே திரும்பிவிடுகிறார். கோபித்தாலும் அவரிடம்தான், அழுதாலும் அவரிடம்தான். வேறு வாசல் தேடிப் போகவில்லை. நம்பிக்கை என்றால் கேள்வி கேளாதிருப்பது என்று எண்ணியிருந்த எனக்கு இது பெரும் புதுமையாக இருந்தது. அம்மாவிடம் சண்டை போடும் பிள்ளை அம்மாவின் முந்தானையை விடுவதில்லை.

எலிகூ என்ற இளைஞரும் ஆறு அதிகாரங்கள் பேசுகிறார். அவரைப் பற்றி அதிகம் எழுத எனக்கு விருப்பமில்லை. 38ஆம் அதிகாரத்தில் சூறாவளியின் நடுவிலிருந்து கடவுளே பேசுகிறார். காரணம் சொல்வார் என்று நாங்கள் காத்திருந்தோம். அவர் சொல்லவில்லை. விண்ணக அவையில் நடந்ததை யோபுவுக்கு யாருமே கடைசி வரை தெரிவிப்பதில்லை. சாத்தானும் இரண்டாம் அதிகாரத்துக்குப் பின் வருவதே இல்லை. கடவுள் கேள்விகளை மட்டும் அடுக்குகிறார். உலகுக்கு அடித்தளம் இட்டபோது யோபு எங்கே இருந்தார்? வரையாடு ஈனும் காலம் தெரியுமா? பசித்த காக்கைக் குஞ்சுக்கு இரை தருபவர் யார்? மனிதர் ஒருவருமே இல்லாத பாலைநிலத்திலும் மழை பெய்விப்பவர் யார்? இந்தக் கடைசிக் கேள்வி என் மனத்தில் தங்கிவிட்டது. நாங்கள் புண்ணியம் செய்ததால் மழை, பாவம் செய்ததால் பஞ்சம் என்று எல்லாவற்றையும் நம்மோடு முடிச்சுப் போடுகிறோம். எவருடைய புண்ணியத்துக்காகவும் அல்லாமல், யாரும் இல்லாத மண்ணிலும் அவர் மழையை அனுப்புகிறாராம்.

எங்களுள் சிலருக்கு இப்பதில் போதவில்லை. எனக்கும் முழுவதும் போதவில்லை என்றே எழுத வேண்டும். ஆனால் யோபுவுக்குப் போதுமாயிருந்தது. அதுவரை காதால் கேட்டறிந்தவரை இப்போது கண்ணால் கண்டதாக அவர் கூறுகிறார். கேட்ட மனுவுக்குத் தீர்ப்பு வரவில்லை. நீதிபதியே எழுந்து வந்துவிட்டார். அதற்குப் பிறகு நடப்பதுதான் ஆச்சரியம். கடவுளின் சினம் யோபுவின் மீது அல்ல, அவருக்காக வாதாடிய நண்பர்களின் மீது! தம்மைப் பற்றி யோபு பேசியது போல அவர்கள் சரியாகப் பேசவில்லை என்கிறார். ஏழு காளைகளும் ஏழு ஆட்டுக்கிடாய்களும் பலியிட வேண்டும், யோபு அவர்களுக்காக மன்றாட வேண்டும், அவ்வேண்டுதலைத்தான் ஏற்றுக்கொள்வார்.

இயேசுவின் சீடரிடமும் எலிப்பாசின் கணக்கு இருந்தது. பிறவியிலேயே பார்வையற்ற ஒருவரைக் கண்டதும், இது இவன் செய்த பாவமா, பெற்றோர் செய்த பாவமா என்று கேட்டார்கள் (யோவான் 9). இரண்டும் இல்லை என்றார் அவர். சீலோவாம் கோபுரம் விழுந்து இறந்த 18 பேரும் மற்றவரைவிடப் பெரிய பாவிகள் அல்லர் என்றும் சொன்னார் (லூக்கா 13). குற்றமற்ற அவரே சிலுவையில் தொங்கியபோது, ஏன் கைவிட்டீர் என்று கேட்டார். அது 22ஆம் திருப்பாடலின் தொடக்கம். ஏன் என்று கேட்பது பாவம் என்றால் அவர் கேட்டிருப்பாரா? 1984இல் திருத்தந்தை இரண்டாம் யோவான் பவுல் துன்பத்தைப் பற்றி எழுதிய திருமடலிலும், யோபுவின் துன்பம் குற்றமற்ற ஒருவரின் துன்பம் என்றே விளக்கியிருப்பதாக சிஸ்டர் கூறினார்.

கடைசி அதிகாரத்தைப் படித்த நாளைச் சொல்லாமல் இக்கட்டுரையை முடிக்க இயலாது. இழந்தவை எல்லாம் யோபுவுக்கு இரண்டு மடங்காகக் கிடைக்கின்றன. ஆடு 14,000, ஒட்டகம் 6,000, ஏர்மாடுகள் 1,000 இணை, கழுதை 1,000. மறுபடியும் 7 மகன்கள், 3 மகள்கள். மகள்களுக்கு எமிமா, கெட்சியா, கெரேன் அப்பூக்கு என்று பெயர். கெட்சியா என்றால் இலவங்கப்பட்டை, கெரேன் அப்பூக்கு என்றால் மைச்சிமிழ் என்று கேட்டதும் எங்களுக்கு ஒரே மகிழ்ச்சி. மகன்களின் பெயர்கள் சொல்லப்படவில்லை, மகள்களின் பெயர்கள் உள்ளன. சகோதரரோடு அவர்களுக்கும் தந்தை சொத்துக் கொடுத்தார் என்றதும் கைதட்டினோம். கைதட்டல் அடங்கியபோது கடைசி பெஞ்சிலிருந்து என் தோழி எழுந்தாள். ஓராண்டாக அவள் அவ்வகுப்பில் பேசியதில்லை.

"முதல் பத்துப் பேர் திரும்பி வரவில்லையே, சிஸ்டர்?" என்றாள்.

சிஸ்டர் உடனே பதில் கூறவில்லை. கண்ணாடியைக் கழற்றி மேசைமேல் வைத்தார். பிறகு, "இல்லை அம்மா, வரவில்லை" என்றார். ஆடுமாடுகள் இரட்டிப்பானபோது பிள்ளைகள் மட்டும் ஏன் இரட்டிக்கவில்லை என்று கேட்டு, முதல் பத்துப் பேரும் கடவுளிடம் இருப்பதால் அவர்கள் இழக்கப்பட்டவர்களே அல்லர் என்று மரபாகச் சொல்லும் விளக்கத்தையும் எடுத்துக்கூறினார். "ஆனால் 11ஆம் வசனத்தையும் படி" என்றார். அவளே எழுந்து நின்று படித்தாள். யோபு எல்லாவற்றையும் திரும்பப் பெற்றதாகப் பத்தாம் வசனம் கூறிய பிறகு, அடுத்த வசனத்தில் உற்றார் உறவினர் எல்லாரும் அவர் வீட்டுக்கு வந்து, உடன் அமர்ந்து உணவருந்தி, அவருக்கு ஆறுதல் கூறுகிறார்கள். "எல்லாம் கிடைத்துவிட்டது என்றால் ஆறுதல் எதற்கு?" என்று சிஸ்டர் கேட்டார். மணி அடித்தும் யாரும் எழவில்லை.

அன்று மாலை அவளோடு வீடு வரை நடந்து சென்றேன். வழியில் இருவரும் பேசிக்கொள்ளவில்லை. அவளுடைய அம்மா எங்களுக்குக் காப்பி கொடுத்தார். பூவைப் பற்றி அன்று சொன்னதற்காக மன்னிப்புக் கேட்க வேண்டும் என்று சொற்களைத் தயாரித்து வைத்திருந்தேன். ஆனால் சுவரில் மாட்டியிருந்த தம்பியின் படத்தைக் காட்டி, "இவனுக்கு என்னவெல்லாம் பிடிக்கும்?" என்று கேட்கத்தான் வாய் வந்தது. அம்மாவும் மகளும் மாறி மாறிச் சொல்லிக்கொண்டே இருந்தார்கள். இருட்டிவிட்டது.

இக்கட்டுரையை ஆண்டு மலருக்குக் கொடுக்குமுன் அவளிடம் படித்துக் காட்டினேன். ஒரு வரியை அடித்துவிடச் சொன்னாள். அடித்துவிட்டேன்.