காட்டு வழியில் கார்ப் பயணம்: அவசரம் வேண்டாம்!

பெங்களூரில் வேலை பார்க்கும் தமிழர்களுக்கு மூன்று நாள் லீவு சேர்ந்து வந்தால் போதும். இரண்டு குடும்பம் கூடி வேன் பிடித்து, பந்திப்பூர், முதுமலை, ஊட்டி என்று எல்லாவற்றையும் ஒரே மூச்சில் பார்க்கப் புறப்பட்டு விடுகிறார்கள். கண்டது என்ன? ரோடும் தூக்கமும்தான்!

மைசூர் சுமார் 145 கிலோ மீட்டர். அங்கிருந்து குண்டலுபேட்டை 60. முதல் நாள் அதோடு நிறுத்திக்கொள்வது நல்லது.

9 மணிக்கு மூடும்

அதற்கு அப்பால் காடு. 2009 முதல் அந்தச் சாலையில் இரவு 9 மணியிலிருந்து காலை 6 மணி வரை, ஆம்புலன்சும் சில பஸ்களும் தவிர, வண்டிகள் போகத் தடை. இருட்டில் வேகமாக வந்த வண்டிகளில் விலங்குகள் அடிபட்டுச் செத்ததே காரணம். நேரம் தவறினால், குழந்தை குட்டிகளோடு விடியும்வரை காத்துக் கிடக்க வேண்டியதுதான்.

சமையல் எங்கே?

வண்டியிலேயே தூங்கி, அடுப்பு மூட்டிச் சாப்பிட நினைப்பவர்கள் அதை ஊருக்குள், இடத்துக்காரரைக் கேட்டுக்கொண்டு செய்ய வேண்டும். காட்டுக்குள் வண்டியை நிறுத்தவோ, தீ மூட்டவோ கூடாது. புளிச்சோறு கட்டிக்கொண்டால் கவலை இல்லை. மிச்சத்தைக் குரங்குக்குப் போடாதீர்கள்.

இரண்டாம் நாள் காலை, 1973-ல் புலிகள் பாதுகாப்புத் திட்டத்தில் முதலில் சேர்ந்த காடுகளில் ஒன்றான பந்திப்பூர். அங்கே சவாரி வண்டியில் சுற்றலாம். பிறகு கக்கநல்லா எல்லை தாண்டினால் முதுமலை. தெப்பக்காடு முகாமில் யானைகளுக்கு உணவு கொடுப்பதைப் பார்த்துவிட்டு, 9 மணிக்கு முன்பே குண்டலுபேட்டைக்குத் திரும்பிவிடலாம்.

மூன்றாம் நாள் பகலிலேயே வீடு சேர்ந்தால், மறுநாள் வேலைக்குப் போக உடம்பில் தெம்பு இருக்கும். ஊட்டி எங்கும் ஓடிப் போகாது. அடுத்த லீவுக்கு இருக்கட்டும்!