பழைய பாட்டைக் காத்தவர்

வீட்டில் கேசட் போட்டுப் பழைய பாட்டு நிகழ்ச்சிகளை ரசித்திருப்போம். அவற்றைத் தேடித் தொகுத்தவர் யார் என்று யோசித்திருப்போமா? அதையே தொழிலாகக் கொண்டவர் அமெரிக்க இயக்குநர் ஆண்ட்ரூ சோல்ட்.

1981-ல் மால்கம் லியோவுடன் சேர்ந்து, பாடகர் எல்விஸ் பிரெஸ்லியைப் பற்றிப் படம் எடுத்தார். 1988-ல் ஜான் லெனன் பற்றிய படம். 1990-ல் எல்விஸ் பாடிய காட்சிகளை வீடியோவுக்காகத் தொகுத்தார். அதே ஆண்டு, எட் சல்லிவன் நிகழ்ச்சிகள் முழுவதையும் அவர் குடும்பத்தாரிடமிருந்து விலைக்கு வாங்கினார். 1948 முதல் 1971 வரை ஞாயிறு இரவுகளில், பெரும்பாலும் நேரடியாக ஒளிபரப்பானவை அவை. 1964 பிப்ரவரி 9-ல் பீட்டில்ஸ் குழு பாடியதைப் பார்த்தவர்கள் சுமார் 7.3 கோடிப் பேர்!

நேரடி ஒளிபரப்பு எப்படி மிஞ்சியது? ஆரம்பத்தில் டி.வி. திரைக்கு எதிரே ஃபிலிம் காமிராவை வைத்துப் படம் பிடித்தார்கள். இதற்குக் 'கினெஸ்கோப்' என்று பெயர். 1956-ல் வீடியோ டேப் புழக்கத்துக்கு வந்தது. விலை அதிகம்; ஆனால் அழித்துவிட்டு மறுபடி பதியலாம். அப்படியே அக்காலத்துப் பல நிகழ்ச்சிகள் அழிந்தன. சல்லிவன் நிகழ்ச்சிகள் பெரும்பாலும் பத்திரமாக இருந்ததால்தான் சோல்ட் தொகுக்க முடிந்தது.

நம் அலமாரியிலும் கல்யாண கேசட், சங்கத்துப் பொங்கல் விழா கேசட் எல்லாம் தூங்குகின்றன. கடைசிவரை வி.சி.ஆர். தயாரித்துவந்த ஜப்பானின் ஃபுனாய் நிறுவனமும் 2016-ல் நிறுத்திவிட்டது. பழுதாகும் முன்பே பராமரிப்பு என்பது ரயில்வேயில் நான் கற்ற பாடம். டேப்பில் பூசணம் பிடிப்பதற்குள் கம்ப்யூட்டருக்கு மாற்றி, யார், எப்போது என்று எழுதி வையுங்கள். பேரப்பிள்ளைகள் பார்க்கட்டும்.