'அணைக்காதே' என்று எழுதி ஒட்டியிருந்த கணினி

வானொலியில் பத்து ஆண்டுகளுக்கு மேலாகக் கேள்வி கேட்டுப் பழகியவன் நான். அந்தப் பழக்கம் ஒரு லாரி கம்பெனிக்குப் பயன்படும் என்று நினைத்ததே இல்லை.

சுங்கை பட்டாணியில் என் சித்தப்பா லாரி கம்பெனி நடத்துகிறார். பீடோங் பக்கம் ஒரு தோட்டத்து லயத்தில் பிறந்தவர். ஒரே ஒரு பழைய லாரியோடு தொழிலைத் தொடங்கினார். இன்று கூலிம் தொழிற்பேட்டையிலிருந்து பட்டர்வொர்த் துறைமுகத்துக்குச் சரக்கு ஏற்றும் லாரிகள் நாற்பது. ஓட்டுநர்களில் பலர் அவரோடு தோட்டத்துப் பள்ளியில் படித்தவர்களின் பிள்ளைகள்.

கணக்கியல் படித்துவிட்டுப் பினாங்கில் வேலை பார்த்த தங்கை, போன ஆண்டு அப்பாவுக்கு உதவியாக வந்து சேர்ந்தாள். வந்ததும் அவள் எடுத்த முதல் முடிவு, அலுவலகத்தின் பழைய சர்வரை மூட்டை கட்டிவிட்டு எல்லாவற்றையும் கிளவுட்டுக்கு, அதாவது மேகக் கணிமைக்கு மாற்றுவது. காரணம் இருந்தது. 2024 ஆகஸ்டில் தொடங்கிய மின் விலைப்பட்டியல் முறை படிப்படியாக மேலும் பல வணிகங்களைத் தொட்டுக்கொண்டு வந்தது. விண்டோஸ் 10க்கான ஆதரவு 2025 அக்டோபர் 14ஆம் தேதியோடு முடிய இருந்தது. அமேசானும் மைக்ரோசாப்டும் மலேசியாவிலேயே கிளவுட் மையங்களைத் திறந்துவிட்டன.

"அண்ணே, நீங்க வந்து ஆளுங்ககிட்ட பேசுங்க. நான் கேட்டா, வேலைய விட்டுத் தூக்கப் போறேன்னு பயப்படுறாங்க" என்றாள்.

அப்போதுதான் தெரிந்துகொண்டேன். கிளவுட்டுக்கு மாறுவதில் பாதி வேலை, மாறுவதற்கு முன்பே இருக்கிறது. நம்மிடம் என்னென்ன மென்பொருள் ஓடுகிறது, எந்த இயந்திரத்தில் ஓடுகிறது, எது எதை நம்பியிருக்கிறது என்று கணக்கெடுக்கும் வேலை அது.

வீடு மாறும்போது சட்டி பானையை எண்ணிக் கட்டுகிறோம். ஆனால் அண்டை வீட்டுக் கிணற்றில் தண்ணீர் எடுத்ததை யாரும் பட்டியலில் எழுதுவதில்லை. புது வீட்டுக்குப் போன முதல் நாள் காலையில்தான் அது நினைவுக்கு வரும்.

பெரிய நிறுவனங்களும் மாற்றத்தில் தடுக்கி விழுந்திருக்கின்றன. பிரிட்டனின் டிஎஸ்பி வங்கி 2018 ஏப்ரலில் தன் கணினி அமைப்பைப் புதிய தளத்துக்கு மாற்றியது. தகவல்கள் பத்திரமாகப் போய்ச் சேர்ந்தன. ஆனால் புதிய தளம் உடனே தடுமாறியது. ஏறக்குறைய 19 லட்சம் பேர் தங்கள் கணக்குக்குள் நுழைய முடியாமல் தவித்தார்கள். நிலைமை முழுமையாகச் சீராக அந்த ஆண்டு டிசம்பர் வரை ஆனது. 2022 டிசம்பரில் அந்நாட்டுக் கண்காணிப்பு அமைப்புகள் வங்கிக்கு 4 கோடியே 86 லட்சம் பவுண்டுக்கு மேல் அபராதம் விதித்தன. பெட்டியைத் தூக்கி வைத்தால் மட்டும் போதாது. அதைத் தாங்கும் தரை உறுதியாக இருக்கிறதா என்றும் பார்க்க வேண்டும்.

நாங்கள் இரண்டு வழியில் கணக்கெடுத்தோம். ஒன்று, கருவி. அலுவலக வலைப்பின்னலில் இருக்கும் ஒவ்வொரு இயந்திரத்தையும் தேடிப் பிடித்து, அதன் நினைவகம், சேமிப்பு இடம், எது எதோடு பேசுகிறது என்று எழுதிக் கொடுக்கும் மென்பொருளைத் தங்கை ஓடவிட்டாள். ஒரு நாள் பார்த்தால் போதாது; குறைந்தது ஒரு மாதம், சம்பள நாளையும் சேர்த்துப் பார்க்க வேண்டும் என்றாள். அவள் சொன்னது சரி. சாதாரண நாளில் சர்வரின் திறனில் பத்தில் ஒரு பங்குகூட வேலை செய்யவில்லை. மாதக் கடைசியில் முக்கால் பங்குக்கு மேல் ஏறியது. சராசரியை நம்பிச் சிறியதாக வாங்கினால் சம்பள நாளில் மாட்டிக்கொள்வோம். பழைய பெட்டியின் அளவுக்கே வாங்கினால் மாதம் முழுக்க வீண் செலவு.

இரண்டாவது வழி நான். மைக் இல்லாமல் உட்கார்ந்து மூன்றே கேள்விகள் கேட்டேன்.

"இது நின்னுபோனா, முதல்ல யார் உங்களுக்குப் போன் பண்ணுவாங்க?"

"மாசத்துல எந்த நாள் இது ரொம்ப மெதுவா ஓடும்?"

"கம்ப்யூட்டர்ல இல்லாம வேற எங்கயாவது எழுதி வைக்கிறீங்களா?"

மூன்றாவது கேள்விக்குத்தான் அதிகம் பதில் வந்தது. டயர் மாற்றிய கணக்கு ஒரு நோட்டுப் புத்தகத்தில். ஓட்டுநர் விடுப்பு வாட்ஸ்அப்பில். ஒரு வாடிக்கையாளரின் விலை, ஓர் அக்காவின் மனத்தில்!

கடைசியில் இரண்டு பட்டியலையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தோம். ஆட்கள் சொன்ன இயந்திரங்கள் ஒன்பது. கருவி கண்டுபிடித்தது பத்து.

அந்தப் பத்தாவதைத் தேடி அலைந்தோம். சரக்கறையில், டயர் அடுக்குக்குப் பின்னால், தூசி படிந்து ஓடிக்கொண்டிருந்தது. மேலே ஒரு தாளில் 'அணைக்காதே' என்று தமிழிலும் மலாயிலும் எழுதி ஒட்டியிருந்தார்கள். யார் எழுதியது என்று அலுவலகத்தில் யாருக்கும் தெரியவில்லை. உள்ளே விண்டோஸ் 7. அதன் ஆதரவு 2020 ஜனவரியிலேயே முடிந்துவிட்டது.

"தூக்கிப் போட்டுடலாமா?" என்று கேட்டேன். சித்தப்பா கையெழுத்தைப் பார்த்தார். "இது நம்ம பழைய கிராணி எழுத்து" என்றார்.

ஓய்வு பெற்றுப் பாடாங் செராயில் இருக்கும் அந்த அம்மாவுக்குப் போன் போட்டோம். "அது இன்னும் ஓடுதா?" என்று சிரித்தார். பிறகு குரல் மாறியது. "ஐயோ, அணைச்சிடாதீங்க தம்பி. ஒவ்வொரு மாசமும் 25ஆம் தேதி ராத்திரி டீசல் கணக்கையும் நடைக் கணக்கையும் சேர்த்து, சம்பள மென்பொருளுக்கு அனுப்புறது அதுதான்."

நாற்பது ஓட்டுநர்களின் நடைக்காசு அந்தப் பெட்டி வழியாகத்தான் போய்க்கொண்டிருந்தது. நாங்கள் மாற்றத்துக்குக் குறித்திருந்த நாளோ தீபாவளிக்கு முந்தைய மாதம். பட்டியல் எடுக்காமல் போயிருந்தால், பண்டிகைச் சம்பளத்தில் பாதி நடைக்காசு காணாமல் போயிருக்கும். ஓட்டுநர்களுக்கு யாரைக் கேட்பது என்றும் தெரிந்திருக்காது.

எங்கள் தாத்தா தோட்டத்தில் மண்டோராக இருந்தவர். விடியுமுன் பெரட்டுக் களத்தில் பெயர் வாசித்து, செக்ரோலில் குறித்த பிறகுதான் ஆட்களை நிரைக்கு அனுப்புவார். பெயர் விட்டுப்போனால் அன்றைய கூலி இல்லை. சித்தப்பா அதைத்தான் சொன்னார்: "அப்பா காலத்து வேலைதான் இது. ஆளுக்குப் பதிலா மெசின்."

உங்கள் கடையோ அலுவலகமோ கிளவுட்டுக்குப் போவதாக இருந்தால், ஒவ்வொரு மென்பொருளுக்கும் இவற்றை எழுதிக்கொள்ளுங்கள்:

* பெயர், பதிப்பு, உரிமம் முடியும் நாள், பொறுப்பாளர் யார்.
* எந்த இயந்திரத்தில் ஓடுகிறது. உச்ச நாளில் எவ்வளவு திறன் கேட்கிறது.
* எதிலிருந்து தகவல் வாங்குகிறது, எதற்குக் கொடுக்கிறது.
* எத்தனை மணி நேரம் நின்றால் தாங்கும். நகல் எங்கே இருக்கிறது, அதைத் திரும்ப எடுத்துப் பார்த்ததுண்டா.
* அடையாள அட்டை எண், சம்பளம் போன்ற தனிநபர் தகவல் உள்ளதா. 2025 ஜூன் முதல், தகவல் கசிந்தால் அறிவிப்பது சட்டப்படி கட்டாயம்.
* தகவலின் அளவும் இணைய வேகமும். 4 டெராபைட்டை விநாடிக்கு 100 மெகாபிட் வேகத்தில் ஏற்ற, தடையே இல்லாவிட்டாலும் ஏறக்குறைய நான்கு நாள் ஆகும்.

பிறகு ஒவ்வொன்றாக முடிவெடுக்கலாம். அப்படியே மாற்றுவதா, புதிதாக வாங்குவதா, நிறுத்திவிடுவதா, இருக்கும் இடத்திலேயே விடுவதா? எல்லாமே மேகத்துக்குப் போயாக வேண்டும் என்று சட்டமில்லை.

நாங்கள் மாற்றத்தைத் தீபாவளிக்குப் பிறகு தள்ளி வைத்தோம். பழைய கிராணி இரண்டு நாள் வந்து, அந்தக் கணக்கு எப்படி ஓடுகிறது என்று தங்கைக்குச் சொல்லிக் கொடுத்தார். இரண்டு மாதம் பழையதையும் புதியதையும் சேர்த்து ஓட்டி, கணக்கு ஒரு காசு பிசகாமல் வந்த பிறகுதான் அந்தப் பெட்டியை அணைத்தோம்.

பொத்தானை அழுத்தியது கிராணி அம்மாதான். ஒட்டியிருந்த தாளைக் கிழித்து, மடித்து, கைப்பையில் வைத்துக்கொண்டார்.