பெரகல சந்தியில் ஒரு பூவுக்குள்ளே

பெரகல சந்தியில் வெல்லவாய ரோடு ஒரு பக்கம் போக, அப்புத்தளை ரோடு மறுபக்கம் மலையேறுகிறது. பஸ் முனகி முனகி ஏறும்போது ஜன்னலுக்கு வெளியே மஞ்சள் மஞ்சளாகத் தலையாட்டுமே, அந்தக் காட்டுச் சூரியகாந்திதான்! சிங்களத்தில் வல் சூரியகாந்த. தினமும் பார்க்கிற பூ. ஆனால் உள்ளே எட்டிப் பார்த்திருக்கிறீர்களா?

ஒன்றைப் பறித்துக் காம்பைத் தடவினேன். பூவுக்குக் கீழே காம்பு பருத்து, அமுக்கினால் அமுங்குகிறது. உள்ளே வெறும் கூடு! பிளேடால் பூவை நடுவே பிளந்து பூதக்கண்ணாடியை வைத்தால், அடேயப்பா, ஒரு லயமே குடியிருக்கிறது. நடுவட்டத்தில் நூறு பூக்கள் நெருக்கியடித்து நிற்கின்றன. நாம் இதழ் என்று நினைக்கும் ஒவ்வொன்றும் தனிப் பூதான். அவை விதை தராது. வண்டுகளைக் கூப்பிடுவது மட்டுமே வேலை.

நடுவில் நடப்பதுதான் வேடிக்கை. ஓரத்திலிருந்து உள்நோக்கி வரிசையாக மலர்கின்றன. ஒவ்வொரு குட்டிப் பூவிலும் மகரந்தப் பைகள் ஒட்டிக்கொண்டு ஒரு குழாயாகி, மகரந்தத்தை அதற்குள்ளேயே கொட்டுகின்றன. கீழேயிருந்து சூல்தண்டு வளர்ந்து, குழாய்ப்புட்டை மூங்கிலுக்குள் கோலால் தள்ளுகிற மாதிரி, மகரந்தத்தை மேலே தள்ளுகிறது. தள்ளி முடிந்த பிறகுதான் அதன் நுனி இரண்டாகப் பிரிந்து, வேறு பூவின் மகரந்தத்துக்குக் காத்திருக்கும். எவ்வளவு நிதானம்!

இதன் சாதிப்பெயர் தித்தோனியா, 1789-இல் பதிவானது. சுமார் 11 இனங்கள் கொண்ட சின்னச் சாதி. சொந்த ஊர் மெக்சிகோவும் அதன் சுற்றுவட்டாரமும்; ஒரு சகோதரி அரிசோனாவின் வறண்ட மண்ணில் பூக்கிறாள். நம்முடையது மழையும் பனியும் பார்த்து ஆளுயரம் தாண்டிவிட்டது.

இலையிலும் சங்கதி உண்டு. காய்ந்த இலையில் சுமார் 3.5 சதவீதம் நைதரசன், 4 சதவீதம் பொட்டாசியம். அதனால்தான் கிளைகளை வெட்டித் தேயிலைச் செடிக்கடியில் பசளையாகப் பரப்புகிறார்கள். மேற்குக் கென்யாவில் சோள வயலுக்கு இதே வைத்தியம். விட்டால் பக்கத்துச் செடியை அமுக்கிவிடும் என்பதும் உண்மை. விதை முற்றுமுன் வெட்டுவதே நல்லது.

அடுத்த முறை பெரகலயில் பஸ் மாறும்போது ஐந்து நிமிடம் கிடைத்தால், ஒரு பூவைப் பிளந்து பாருங்கள். பக்கத்தில் நிற்கும் பிள்ளைக்கும் காட்டுங்கள்.