உங்களுக்குத் தெரியுமா? ஜெர்மன் வெள்ளை ஒயினின் இனிப்புக் கணக்கு

ஜெர்மனியின் ரீஸ்லிங் ஒயின் என்றாலே தித்திக்கும் என்று நினைப்பவர்கள் ஏராளம். இனிப்பே தெரியாத ரீஸ்லிங்கும் உண்டு, தேனாய் நாவில் ஒட்டுவதும் உண்டு. எது எப்படி என்பதை லேபிளே சொல்லிவிடும்.

• ‘ட்ரோக்கென்’ என்றிருந்தால் லிட்டருக்கு 4 கிராம் வரைதான் சர்க்கரை. புளிப்பு போதிய அளவு இருந்தால் 9 கிராம் வரை அனுமதி. ‘ஹால்ப்ட்ரோக்கென்’ 12 கிராம், புளிப்பைப் பொறுத்து 18 வரை. ‘லீப்லிஷ்’ 45 வரை. அதற்கு மேல் ‘சூஸ்’.

• ‘காபினெட்’, ‘ஷ்பேட்லேசெ’, ‘அவுஸ்லேசெ’ ஆகியவை பறித்தபோது திராட்சை எவ்வளவு பழுத்திருந்தது என்பதையே குறிக்கின்றன. சாற்றின் அடர்த்தியை ‘எக்ஸ்லே’ அளவில் அளந்து இந்தத் தரத்தைத் தருகிறார்கள். சர்க்கரை முழுவதும் நொதித்து ஆல்கஹாலாகிவிட்டால் ஷ்பேட்லேசெயும் இனிக்காது.

• லேபிளில் இனிப்பு நிலை இல்லையா? ஆல்கஹால் அளவைப் பாருங்கள். மோசல் பகுதிக் காபினெட்டில் 8 சதவீதம் என்றிருந்தால் சர்க்கரை நிறைய மிச்சமிருக்கிறது. 12ஐத் தாண்டினால் பெரும்பாலும் இனிப்பு இருக்காது.

• குளிர்ப் பகுதியில் விளையும் பழத்தில் புளிப்பு அதிகம். அதனால் 20 கிராம் சர்க்கரையும் அடக்கமாகவே தெரியும்.

• ‘ஐஸ்வைன்’ செய்ய, கொடியிலேயே உறைந்த பழத்தை மைனஸ் 7 டிகிரி செல்சியஸ் அல்லது அதற்கும் கீழான குளிரில், பெரும்பாலும் விடியுமுன் பறித்து, உறைந்தபடியே பிழிகிறார்கள். நீர் பனிக்கட்டியாகத் தங்கிவிட, செறிந்த சாறு மட்டும் சொட்டுகிறது. இனிப்பில் உச்சம் தொடும் ஜெர்மன் ஒயின்களில் இதுவும் ஒன்று.